பழம்படச் சுருள்களும் நம் வரலாறும்

வரலாற்றுச் சான்று என்றவுடன் நம் மாணவர் மனத்தில் தோன்றுவன கல்வெட்டும் செப்பேடும் ஓலைச்சுவடியுமே ஆகும். இம்மூன்றிலும் நம் முன்னோர் எவ்வாறு இடம் பெற்றிருக்கின்றனர் என்பதை அறியாதார் இலர். சோழர் காலக் கல்வெட்டுகளில் 'பறைச்சேரி' என்றும் 'தீண்டாச்சேரி' என்றும் எல்லைக் குறிப்பாக நாம் நிற்கின்றோம். அச்சேரியில் வாழ்ந்த மனிதனின் முகம் எங்கும் இல்லை. இருபதாம் நூற்றாண்டு தோன்றியபோது நான்காவதாக ஒரு சான்று வந்து சேர்ந்தது. அதுதான் படச்சுருள். எழுதுவோன் விட்டுவிட எண்ணியதையும் கேமரா தன்னையறியாமல் பிடித்துவிடும் இயல்புடையது. மன்னரை எடுக்கச் சென்ற கேமராவில் பல்லக்குத் தூக்கியும் விழுவான். விழாவை எடுக்கச் சென்ற கேமராவில் பறையடிப்பவனும் விழுவான். ஆகவே பழைய படச்சுருள்களைத் தேடித் தொகுத்து ஆவணப்படம் ஆக்கும் தொழில், நம் போன்றோருக்குக் கல்வெட்டுப் படிப்பினும் பயன் தருவது என்று நாம் கருதுகின்றோம்.

இத்தொழிலின் வரலாற்றைத் தேடி அயல்நாடு செல்ல வேண்டியதில்லை. அதற்குரிய மிகச் சிறந்த எடுத்துக்காட்டு தமிழர் ஒருவரே. செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911இல் பிறந்த ஏ.கே. செட்டியார் இரங்கூனில் 'தனவணிகன்' இதழை நடத்தியவர். பின்னர் டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக்கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2ஆம் நாள், காந்தியடிகளின் பிறந்த நாளன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் சென்றுகொண்டிருந்தபோது, காந்தியடிகளைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது அவருக்கு வயது 26 நிறையவில்லை. கையில் பெரும் பொருளில்லை, பின்னால் அரசில்லை.

புதிதாகப் படமெடுப்பதைவிட, முன்னரே எடுக்கப்பட்டு உலகெங்கும் சிதறிக் கிடந்தவற்றைத் தேடுவதே அவருடைய வேலையின் பெரும்பகுதியாயிற்று. காந்தியடிகள் தென்னாப்பிரிக்காவில் வாழ்ந்தார்; இங்கிலாந்து சென்றார்; பிரான்சு, சுவிட்சர்லாந்து, இத்தாலி வழியாகத் திரும்பினார். சென்ற இடமெல்லாம் செய்திப்படக் கம்பெனிக்காரர்கள் படமெடுத்தனர். அச்சுருள்கள் எடுத்தவர்களின் கிடங்குகளிலேயே தங்கிவிட்டன. செட்டியார் ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்தார். முப்பதாண்டுக் காலத்தில் நூறு பேர் வரை எடுத்த காட்சிகளை, 50,000 அடி அளவுக்குத் தேடிச் சேர்த்தார். அவற்றுள் மிகப் பழையது 1912இல் கோகலே தென்னாப்பிரிக்கா சென்றபோது எடுக்கப்பட்டதாகும். இதற்கிடையே இரண்டாம் உலகப்போரும் மூண்டது. தேர்ந்தெடுத்துத் தொகுத்தபோது படத்தின் நீளம் 12,000 அடி. 1940 ஆகஸ்டு 23ஆம் நாள் சென்னை ராக்ஸி திரையரங்கில் அது தமிழ் வருணனையுடன் வெளியாயிற்று.

50,000 அடியில் 12,000 அடி என்பதை இளைஞர்கள் ஊன்றி நோக்க வேண்டும். நான்கில் மூன்று பங்கு கழிக்கப்பட்டது. எதை எடுப்பது, எதைக் கழிப்பது என்ற இடத்தில்தான் ஆராய்ச்சியாளன் வேலை தொடங்குகிறது. ஒரு காட்சி எந்த ஆண்டினது, எந்த ஊரினது, உடன் நிற்பவர் யார், எடுத்தவர் யார், யாருக்காக எடுத்தார் என்ற ஐந்து கேள்விகளுக்கும் விடை காணாமல் அதைப் படத்தில் சேர்ப்பவன் கதை கட்டுகிறவனே அன்றி வரலாறு எழுதுகிறவன் அல்லன். செட்டியார் தம் தேடலின் கதையைத் தாம் நடத்திய 'குமரி மலர்' இதழில் தம் முதுமையில் எழுதினார். அது 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாக, வரலாற்றாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதியின் பதிப்பில் வந்துள்ளது. நம் நூலகத்தில் அவசியம் இருக்க வேண்டிய நூல் அது.

உலகெங்கும் அலைந்து பிறர் சுருள்களைத் தேடியெடுத்த அப்படத்துக்கு நேர்ந்த கதி என்ன? தமிழ் மூலமே காணாமற் போயிற்று. அதிலிருந்து 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வருணனையுடன் உருவாக்கப்பட்ட வடிவத்தின் ஒரு பிரதியே சான்பிரான்சிஸ்கோ நகரப் பல்கலைக்கழகம் ஒன்றில் வேங்கடாசலபதியால் பின்னாளில் கண்டெடுக்கப்பட்டது. தமிழன் எடுத்த படத்தைத் தமிழன் அமெரிக்காவில் போய்த் தேட வேண்டியதாயிற்று. அந்நாளைய சுருள் நைட்ரேட் என்னும் பொருளால் ஆனது. எளிதில் தீப்பற்றும், தானாகவே பொடிந்தும் போகும். பூனாவில் 2003 ஜனவரியில் நேர்ந்த ஒரு தீ விபத்தில் அத்தகைய பழம்படங்கள் பல எரிந்தொழிந்தன.

காந்தியடிகளைப் பற்றி நம் சமுதாயத்தில் ஒரே கருத்து இல்லை என்பதும், 1932ஆம் ஆண்டுப் பூனா ஒப்பந்தத்தை நம்மவர் மறக்கவில்லை என்பதும் தெரிந்தவையே. அந்த வழக்கை இங்கே எடுத்துப் பேச நாம் விரும்பவில்லை. ஆனால் ஒரு கேள்வியைக் கேட்டே ஆக வேண்டும். செட்டியார் தேடிப் போனபோது எடுத்துக்கொள்ள 50,000 அடி இருந்தது. அதே ஆண்டுகளில், அதே வட்டமேசை மாநாட்டில் அமர்ந்திருந்த அண்ணல் அம்பேத்கரைத் தேடி ஒருவர் புறப்பட்டிருந்தால் எத்தனை அடி கிடைத்திருக்கும்? கம்பெனிக் கேமராக்கள் அவரைப் பின்தொடர்ந்து ஊர் ஊராகச் செல்லவில்லை. மகாடு குளத்தில் அவர் நீரருந்திய 1927ஆம் ஆண்டு நிகழ்ச்சியை நாம் நினைக்கும்போது கண்முன் வருவன ஓவியங்களும் நடிகர்களுமே. 1950களில் பி.பி.சி.க்கு அவர் அளித்த பேட்டி போன்ற சிலவற்றைக் கொண்டே அவர் குரலையும் முகபாவத்தையும் நாம் அறிகின்றோம். 1956 டிசம்பர் 7ஆம் நாள் பம்பாயில் நடைபெற்ற அவருடைய இறுதி ஊர்வலத்தைத் தம் சொந்த முயற்சியிலும் செலவிலும் படம்பிடித்தவர் நாம்தேவ் வட்கர் என்னும் மராத்திக் கலைஞர். அவரும் ஒடுக்கப்பட்ட சமுதாயத்தில் பிறந்தவரே. இலட்சக்கணக்கில் மக்கள் திரண்ட அந்நாளின் காட்சியை இன்று எந்த ஆவணப்படத்தில் பார்த்தாலும், கடன்பட்டேனும் கேமரா தூக்கிய அம்மனிதரை நினைக்க வேண்டும்.

இவ்வெற்றிடத்தை இன்று வேறொன்று நிரப்பி வருகிறது. ஜப்பார் படேல் இயக்கத்தில் மம்முட்டி நடித்து 2000இல் வந்த அம்பேத்கர் திரைப்படத்தின் துண்டுகளை நம் பிள்ளைகள் கைப்பேசியில் ஒருவருக்கொருவர் அனுப்பி, அண்ணலே பேசுகிறார் என்று நம்புவதை நாம் கண்டிருக்கின்றோம். நல்ல படம்தான், நல்ல நடிப்புதான். ஆயினும் நடிப்பு சான்று ஆகாது. இப்போது புகைப்படத்தைக் கணிப்பொறியே பேசவும் நடக்கவும் வைக்கிறது. மெய்யான காட்சி குறைவாக உள்ள சமுதாயத்துக்குத்தான் பொய்க் காட்சியால் கேடு மிகுதி. நாளை ஒருவன் மெய்யையும் சேர்த்துப் பொய் என்று தள்ளிவிடுவான்.

செங்கற்பட்டு மாவட்ட மக்களாகிய நமக்கு இதில் தனிக் கடமையும் உண்டு. இரட்டைமலை சீனிவாசன் இம்மாவட்டத்துக் கோழியாளத்தில் பிறந்தவர். 1930 நவம்பர் 12ஆம் நாள் ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் தொடங்கிவைத்த வட்டமேசை மாநாட்டில் அம்பேத்கருடன் நம் பிரதிநிதியாக அமர்ந்தவர். அம்மாநாட்டை இலண்டன் செய்திப்படக் கம்பெனிகள் படமெடுத்தன. படக்கிடங்குகளில் ஒவ்வொரு சுருளுக்கும் ஒரு குறிப்பு எழுதி வைப்பது வழக்கம். குறிப்பு எழுதுவோர் தமக்குத் தெரிந்த முகங்களுக்கே பெயர் எழுதுவர். மன்னர், பிரதமர், மகாராசாக்கள் ஆகியோருக்குப் பெயர் இருக்கும், மற்றவரெல்லாம் 'பிரதிநிதிகள்' என்ற ஒரு சொல்லில் அடங்கிவிடுவர். இவர்தாம் கோழியாளத்துச் சீனிவாசன் என்று சுட்டிக்காட்ட, அவர் முகத்தை அறிந்த ஒருவர் அங்கே உட்கார்ந்து பார்க்க வேண்டும். அதைத்தான் படச்சுருள் ஆராய்ச்சி என்கின்றோம். கிடங்கில் இருப்பது வெறும் காட்சி. அதற்குப் பெயர் கொடுத்த பிறகே அது வரலாறு ஆகிறது.

எடுத்தவன் நோக்கம் வேறு, காட்சி சொல்லும் செய்தி வேறு என்பதற்கு ருஷ்ய நாட்டு எஸ்தர் ஷூப் என்னும் அம்மையார் சான்று. 1927இல் ஜார் மன்னர் குலத்தின் வீழ்ச்சியைப் பற்றிப் படமெடுக்க முனைந்த அவர், 60,000 மீட்டர் பழஞ்சுருளைப் பார்த்தார். அவற்றுள் ஜார் மன்னர் தம் குடும்ப மகிழ்ச்சிக்காக எடுக்கச் செய்த சுருள்களும் இருந்தன. பிரபுக்கள் கப்பலில் நடனமாடி வியர்வையைத் துடைத்துக்கொள்ளும் காட்சியை அடுத்து, உழைப்பாளிகள் மண் வெட்டும் காட்சியை வைத்தார். இரண்டும் அவர் எடுத்தவை அல்ல. பக்கத்தில் பக்கத்தில் வைத்தது மட்டுமே அவர் செய்தது. மன்னர் வீட்டுப் படமே மன்னருக்கு எதிராகச் சாட்சி சொல்லிற்று.

அமெரிக்கக் கறுப்பின மக்களின் அனுபவம் நமக்கு இன்னும் நெருக்கமானது. அவர்தம் குடியுரிமைப் போராட்டத்தைப் பற்றி ஹென்றி ஹாம்ப்டன் என்பார் 1987இல் 'ஐஸ் ஆன் தி பிரைஸ்' என்ற தொடரை வெளியிட்டார். தொலைக்காட்சி நிலையங்கள் தத்தம் செய்திக்காக எடுத்த காட்சிகளைத் தேடித் தொகுத்துச் செய்தது அது. ஆனால் அக்காட்சிகளையும் பாடல்களையும் பயன்படுத்தும் உரிமை குறிப்பிட்ட ஆண்டுகளுக்கே விலைக்கு வாங்கப்பட்டிருந்தது. தவணை முடிந்ததும் அத்தொடரை ஒளிபரப்ப இயலாமற் போயிற்று. பெரும் பொருள் திரட்டி உரிமையைப் புதுப்பித்த பின்னரே 2006இல் மீண்டும் மக்கள் பார்த்தனர். தங்கள் தந்தையர் தடியடி பட்ட காட்சியைக் காணப் பிள்ளைகள் பணம் கட்ட வேண்டியிருந்தது. கேமரா யாருடையதோ காட்சி அவனுடையது என்பதே சட்டம்.

தமிழ்நாட்டுக்கு வருவோம். 1968 டிசம்பர் 25ஆம் நாள் கீழ்வெண்மணியில் 44 பேர் எரிக்கப்பட்டபோது அங்கே கேமரா இல்லை. அதைப் பற்றிப் பாரதி கிருஷ்ணகுமார் 2005இல் எடுத்த 'ராமையாவின் குடிசை', எஞ்சி வாழ்ந்தோரின் வாய்மொழியைக் கொண்டே நின்றது. வாய்மொழி சிறந்த சான்று. ஆனால் சொல்வோர் மறையுமுன் சென்றாக வேண்டும். 1999 ஜூலை 23ஆம் நாள் மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்க்காகத் திருநெல்வேலியில் சென்ற ஊர்வலத்தில் போலீசார் தடியடி நடத்தித் தாமிரபரணி ஆற்றுக்குள் மக்களை விரட்டினர். ஒரு குழந்தை உட்பட 17 பேர் மாண்டனர். அன்று அங்கே கேமராக்கள் இருந்தன. நீருக்குள் நின்றவர்களைக் கரையிலிருந்து தாக்கிய காட்சி பதிவாயிற்று. ஆர்.ஆர். சீனிவாசன் எடுத்த 'நதியின் மரணம்' என்ற ஆவணப்படம் அந்நாளின் கொடுமையை ஊர் ஊராக எடுத்துச் சென்றது. தாமாகவே நீரில் மூழ்கினர் என்று சொல்வோர்க்கு விடையாகக் காட்ட ஒரு காட்சியேனும் இருந்தது. வெண்மணிக்கும் தாமிரபரணிக்கும் இடையே முப்பதாண்டுகளில் நாம் பெற்ற வேறுபாடு இதுதான். நீதி வேறு பொருள். அதைப் பற்றி ஈண்டு எழுதப் புகின் இம்மலர் போதாது.

இனி நம் திருப்பெரும்புதூர், ஒரகடம் வட்டாரத்தை நோக்குவோம். இராமானுசர் பிறந்த ஊர் என்று பக்தர் அறிந்த இவ்வூரை, 1991 மே 21ஆம் நாள் இரவு இராஜீவ் காந்தி கொல்லப்பட்டபோது உலகமே அறிந்தது. அன்று உடன் மாண்ட புகைப்படக்காரரின் கேமராவில் இருந்த பத்துப் படங்களே கொலையாளிகளை அடையாளம் காண வழிகாட்டின என்பதைப் பலரும் அறிவர். மாலையுடன் நிற்பவர் யார், அருகில் குறிப்பேடு வைத்திருப்பவர் யார் என்று ஒவ்வொரு முகமாகக் கேட்டே துப்புத் துலங்கிற்று. படத்தை வெறுமனே பார்ப்பதற்கும் விசாரித்துப் பார்ப்பதற்கும் உள்ள வேறுபாட்டுக்கு நம் மண்ணிலேயே நடந்த பாடம் அது.

அதற்குப் பிறகு கேமராக்கள் நம் வட்டாரத்துக்கு வந்தது தொழிற்சாலைகளுக்காக. 1996இல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கார் ஆலைக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. 1998இல் முதல் கார் வெளிவந்தது. 2006இல் நோக்கியா ஆலை உற்பத்தியைத் தொடங்கி, 2014 நவம்பர் 1ஆம் நாள் மூடப்பட்டது. 2010இல் ஒரகடத்தில் ரெனோ நிசான் ஆலை திறக்கப்பட்டது. ஒவ்வொரு திறப்பு விழாவும் படமாயிற்று. நாடா வெட்டியவர் முகம் தெளிவாக உள்ளது. அந்நாடா கட்டப்பட்ட இடத்தில் அதற்கு முன் என்ன இருந்தது? எவர் களத்துமேடு, எந்த ஏரியின் வாய்க்கால், எந்தச் சேரியிலிருந்து சுடுகாட்டுக்குச் செல்லும் பாதை? அதை எடுக்க எந்தக் கம்பெனியும் வரவில்லை.

இக்கேள்வி வெறும் ஏக்கத்தால் எழுவதன்று. செங்கற்பட்டுக் கலெக்டராயிருந்த திரமென்ஹீர் 1891இல் நம் முன்னோரின் நிலையைப் பற்றி எழுதிய அறிக்கையும், அதைத் தொடர்ந்து 1892இல் பிறந்த அரசாணையும், பஞ்சமி நிலம் என்ற உரிமையும் இம்மாவட்டத்து மண்ணிலேயே முளைத்தவை. அந்நிலத்தை மீட்க நடந்த காரணைப் போராட்டத்தில் 1994 அக்டோபரில் ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் துப்பாக்கிக் குண்டுக்கு இரையானார்கள். நிலம் எங்கே இருந்தது, யார் உழுதனர் என்பது இன்றும் உயிரோடு உள்ள வழக்கு. படக்காட்சி பட்டா ஆகாது. 'அ' பதிவேட்டுக்கும் அடங்கலுக்கும் உள்ள மதிப்பு அதற்குச் சட்டத்தில் இல்லை. ஆயினும் பதிவேட்டில் உள்ள புல எண்ணுக்கு அருகில் ஒரு காட்சியை வைத்துப் பார்க்கும்போது, எண் உயிர் பெற்று எழும்.

அக்காட்சிகள் எங்கே உள்ளன? இலண்டனிலும் பூனாவிலும் அல்ல. நம் வீட்டுப் பரண்களில் உள்ளன. 1980களின் பிற்பகுதியிலிருந்து நம் ஊர்களிலும் கலியாண வீடுகளுக்கு வீடியோக்காரர் வரலானார். 1990-91இல் அண்ணலின் நூற்றாண்டு விழாவில் ஊர்வலங்களும் சிலை திறப்புகளும் பதிவாயின. மாப்பிள்ளை அழைப்பு செல்லும் தெருவில் கூரை வீடுகள் தெரியும். பெண்ணும் மாப்பிள்ளையும் படத்துக்கு நிற்கும் ஏரிக்கரையில், இன்று மதிலுக்குள் அகப்பட்டுப் போன நிலம் பின்னணியாகத் தெரியும். எடுத்தவர் அதை எண்ணி எடுக்கவில்லை. அதனாலேயே அது நம்பத்தக்கது.

தேதி எழுதப்படாத கேசட்டின் காலத்தைக் கண்டுபிடிக்கும் வழிகளை இளைஞர்கள் பழகிக்கொள்ள வேண்டும். வண்டியின் எண்பலகையைப் பாருங்கள், 'டி.என்.' என்ற இரண்டெழுத்தை அடுத்து உடனே இலக்கம் வரும் எண் 1989க்குப் பின் வந்தது. பெயர்ப்பலகையில் மாவட்டத்தின் பெயரைப் பாருங்கள், செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டம் 1997இல்தான் காஞ்சிபுரம், திருவள்ளூர் என்று இரண்டாயிற்று. பேருந்தின் பக்கவாட்டில் தலைவர் ஒருவர் பெயர் உள்ளதா? அப்படியாயின் அதுவும் 1997 நடுவுக்கு முற்பட்டது. அவ்வாண்டில் நம் வீரர் சுந்தரலிங்கம் பெயரை ஒரு போக்குவரத்துக் கழகத்துக்கு வைத்தபோது, அப்பேருந்தில் ஏறமாட்டோம் என்று தென்மாவட்டங்களில் கலகம் விளைந்தது. அரசு எல்லாத் தலைவர் பெயர்களையும் எல்லாக் கழகங்களிலிருந்தும் மாவட்டங்களிலிருந்தும் நீக்கிவிட்டது. கலியாண வீடியோவில் அரை நொடி கடந்து செல்லும் ஒரு பேருந்துக்குள் இவ்வளவு வரலாறு அமர்ந்திருக்கிறது. சுவரொட்டியில் உள்ள சினிமாப் படமும், தேர்தல் சின்னமும், மின்கம்பமும் இவ்வாறே பேசும்.

காலம் குறுகியது. வி.எச்.எஸ். நாடாவின் காந்தப் பூச்சு இருபது, இருபத்தைந்து ஆண்டுகளிலேயே கெடத் தொடங்கும். நம் பரண்களின் ஈரத்தில் பூஞ்சை பிடிக்கும். பூஞ்சை பிடித்த நாடாவை அப்படியே கருவியில் போட்டால் நாடாவும் போம், கருவியும் போம். அக்கருவியைக் கடைசியாகச் செய்துவந்த ஜப்பானியக் கம்பெனியும் 2016 ஜூலையில் உற்பத்தியை நிறுத்திவிட்டது. இனி உள்ளது பழுதுபார்த்து ஓட்டும் பழங்கருவிகளே. கேசட்டுகளைப் படுக்க வைக்காமல் நூல்களைப் போல நிறுத்தி, ஈரமும் வெயிலும் படாத அலமாரியில், ஒலிபெருக்கியின் காந்தத்துக்கு அப்பால் வைக்க வேண்டும். கணிப்பொறிக்கு மாற்றியபின் பிரதி ஒன்றோடு நிற்காமல் இரண்டு எடுத்து இரண்டு ஊர்களில் வைப்பது நன்று. ஒரே இடத்தில் வைத்தால் என்னவாகும் என்பதைப் பூனாத் தீ காட்டியது.

ஆதலின் நம் சங்கத்தின் வெள்ளிவிழா ஆண்டுப் பணிகளுள் ஒன்றாக, உறுப்பினர் வீடுகளில் உள்ள கேசட்டுகளையும் பழம்புகைப்படங்களையும் சேகரித்துப் பிரதி எடுக்கும் பணியைச் சேர்க்க வேண்டுகின்றோம். மூலம் உரியவரிடமே திரும்பத் தரப்பட வேண்டும். வீட்டுப் பெண்களின் சம்மதமின்றி எதையும் வெளியே காட்டுதல் கூடாது. ஒவ்வொரு கேசட்டுக்கும் ஒரு குறிப்பேடு: ஊர், ஆண்டு, நிகழ்ச்சி, எடுத்தவர், பின்னணியில் தெரியும் நிலத்தின் பெயர், தெரிந்தால் புல எண். முகங்களுக்குப் பெயர் எழுத முதியோர் தேவை. மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை சங்கக் கட்டடத்தில் திரை கட்டி ஓட்டினால், எழுபது வயதைக் கடந்த பெரியவர்களும் பாட்டிமார்களும் முன்வரிசையில் அமர்ந்து, படத்தை நிறுத்தச் சொல்லி, இது இன்னார் மகன், இது வாய்க்கால் மேட்டு வேம்பு, இது நாங்கள் நாற்று நட்ட கழனி என்று சொல்வார்கள். பக்கத்தில் பத்தாம் வகுப்பு மாணவன் ஒருவன் நோட்டும் பென்சிலுமாக உட்கார்ந்து அதை எழுதிக்கொள்ளட்டும்.